மீன்தொட்டியில் நான் ஊற்றிய தண்ணீர்

அன்று மீன்தொட்டியின் முன்னால் இருந்தவர்கள் நானும் உன் பூமணி அத்தையும்தான். சுவரில் சாய்த்து வைத்த செல்போனுக்குள் நீ இருந்தாய், மஸ்கட்டில், ஆஸ்பத்திரி வேலை உடுப்போடு. தொட்டிக்குள் ஐந்து ஏஞ்சல் மீன்களும், கண்ணாடியில் ஒட்டிக்கொண்டே கிடக்கும் அந்தக் கறுத்த சக்கர் மீனும். உன் அப்பா படமாகச் சுவரில் இருந்தார். அவரையும் இந்தக் கணக்கில் சேர்க்க வேண்டுமா என்று சற்று நேரம் பேனாவை வைத்துவிட்டு யோசித்தேன். சேர்த்துக்கொள்கிறேன். வேறு ஒருவரும் இல்லை. இதை முதலிலேயே எழுதுவதற்குக் காரணம் உண்டு. அன்று நீ என்னிடம் ஒன்று கேட்க ஆரம்பித்துப் பாதியில் நிறுத்தினாய். அந்தப் பாதியைக் கேட்டவர்கள் இவ்வளவு பேர். மீதியை அறிந்தவன் நீ ஒருவன்தான்.

தினமும் போனில் பேசுகிறோமே, கடிதம் எதற்கு என்று உனக்குத் தோன்றும். போனில் நீ இப்போதெல்லாம் "மீன் எப்படி இருக்குவு?" என்றுதான் முதலில் கேட்கிறாய். பிறகு ஆவணியில் நடக்கப்போகும் உன் கல்யாணம், மண்டபம், பந்தலுக்குச் சொல்லியாயிற்றா, பெண்வீட்டார் வந்து போனார்களா. நான் அந்தப் பேச்சுக்குப் பக்கத்தில் வந்தால் உனக்கு டூட்டிக்கு நேரமாகிவிடுகிறது. அதனால் எழுதுகிறேன். புதுக்கடையிலிருந்து உன்னோடு வேலை பார்க்கிற பையன் விடுமுறை முடிந்து வருகிறான் அல்லவா, ஏத்தங்காய் உப்பேரியோடு இதையும் அவன் கையில் கொடுத்துவிடுகிறேன். உப்பேரியைத் தின்றுவிட்டுக் கடிதத்தைப் பிறகு பார்க்கலாம் என்று வைத்துவிடாதே.

உனக்கு நினைவிருக்கும், அந்தத் தொட்டியை வாங்கியதே எனக்குப் பிடிக்கவில்லை. கீரிப்பாறை எஸ்டேட்டில் ரப்பர் பாலை உறையவைக்கிற கூடத்தில் ஆயுள் முழுக்க நின்ற உன் அப்பா, வேலையிலிருந்து ஓய்வு பெற்று வீட்டில் உட்கார்ந்ததும் அறை அறையாக நடக்க ஆரம்பித்தார். நீ லீவில் வந்தபோது அவரைத் தக்கலைக்குக் கூட்டிக்கொண்டு போய், இரண்டு பேருமாக ஒரு ஆட்டோவில் தொட்டியை மடியில் வைத்துக்கொண்டு வந்து இறங்கினீர்கள். "தின்ன முடியாத மீனுக்கு ஒரு வீடு" என்று நான் முணுமுணுத்தேன். பிறகு அவருக்கு உடம்பு கெட்டது. அதன்பின் அந்தத் தொட்டிதான் அவருக்கு வேலைக்கூடம். சக்கர் மீனுக்கு சூப்பர்வைசர் என்று பேர் வைத்தார். "ஒரு வேலையும் செய்ய மாட்டான், சுவரோட ஒட்டி நிண்ணு மத்தவனப் பாத்துக்கிட்டே இருப்பான். எங்க எஸ்டேட்டில இருந்த ஆளுதான், செத்து இஞ்ச வந்து பிறந்திருக்கான்" என்பார். சிரித்தால் அவருக்கு வலது விலாவின் கீழே வலிக்கும். கையால் பிடித்துக்கொண்டே சிரிப்பார்.

அவர் போன பிறகு மீன்களைக் கொடுத்துவிடலாம் என்று நீ சொன்னாய். நான்தான் இருக்கட்டும் என்றேன். நம் சாமி அய்யாவின் நிழல்தாங்கலுக்குப் போய்க் கும்பிட்டு வந்து, வீட்டிலும் விளக்கேற்றி, உகப்படிப்பு படித்து முடித்து, கடைசியில் மீனுக்கு ஒரு நுள்ளு தீனி போடுவது என்று என் காலைக்கு ஒரு ஒழுங்கு வந்துவிட்டது. அப்படிப் போடும்போதுதான் ஒரு நாள் பார்த்தேன், மீன்களின் செதிலில் ரவை தூவியது போல வெள்ளைப் புள்ளி. ஒன்று தொட்டிக்குள் கிடந்த கல்லில் போய் உடம்பை உரசி உரசித் திரும்பியது. படம் எடுத்து உனக்கு அனுப்பினேன். நீ வேலைக்கு நடுவிலேயே குரலில் பதில் அனுப்பினாய். "அம்மா, இது ஒட்டுப்புழு. விட்டா எல்லாத்துக்கும் பரவும். இண்ணைக்கே மருந்து வாங்கு. பில்டருக்குள்ள கறுத்த கரி இருக்கும், அத எடுத்து வெளிய வை. இல்லாட்டா மருந்த அது குடிச்சிரும். தினமும் ஒரு வாளி வெள்ளம் எடுத்துட்டு, ராத்திரி முழுக்கப் பிடிச்சு வச்ச வெள்ளத்த ஊத்து. பைப்பு வெள்ளத்த நேரா ஊத்தாத, பிளீச்சிங் பவுடர் இருக்கும்."

அந்த நிமிஷமே சேலையை மாற்றிக்கொண்டு தக்கலைக்கு பஸ் ஏறினேன். அவசரத்தில் மனிதர்களுக்கு மருந்து விற்கிற கடையில் ஏறி, மீனுக்கு மருந்து வேண்டும் என்று கேட்டேன். அந்தக் கடைக்காரர் என்னைப் பார்த்துவிட்டு, "மஞ்சளும் மிளகும் உப்பும் போட்டு ஒரு மணிக்கூர் வையுங்கோ அம்மா, பிறகு எண்ணெயில இடுங்கோ, எல்லா நோயும் மாறும்" என்றார். நின்றவர்களெல்லாம் சிரித்தார்கள். எனக்கும் சிரிப்பு வந்தது, ஆனால் கால் நிற்கவில்லை. தொட்டி வாங்கிய கடையைத் தேடிப்போய், நீலமும் பச்சையுமான அந்தச் சொட்டு மருந்தை வாங்கி வந்தேன். தொட்டி எத்தனை வாளி கொள்ளும் என்று அப்பா பென்சிலால் பின்சுவரில் குறித்திருந்தார். நீ சொன்ன அளவைப் பெருக்கிப் பார்த்து, ஒரு முறைக்கு இரண்டு முறை சரிபார்த்து, ஒரு சொட்டுக் கூடாமல் குறையாமல் விட்டேன். உனக்குத் தெரியும், பால்காரருக்குக்கூட நான் அந்தந்த நாளின் கணக்கை அன்றே எழுதி வைக்கிறவள். கணக்கு சரியாக இருந்தால் காரியமும் சரியாக இருக்கும் என்று நம்பி வாழ்ந்தவள்.

கணக்கில் பிழை இல்லை மகனே. தண்ணீரில் இருந்தது.

ராத்திரி முழுக்கப் பிடித்து வைத்த தண்ணீர் என்று நீ சொன்னதும் எனக்குத் தேட வேண்டியிருக்கவில்லை. என் கல்யாணத்துக்கு உன் அம்மையப்பா, அதுதான் என் அப்பா, கொடுத்துவிட்ட செம்புக் குடத்தைச் சாயங்காலமே நிறைத்து, அய்யாவாக நாம் கும்பிடுகிற கண்ணாடிக்கு முன்னால் வைத்துவிடுவது இந்த வீட்டுக்கு வந்த நாளிலிருந்து என் வழக்கம். காலையில் படிப்பு முடிந்ததும் ஆளுக்கு ஒரு வாய் அதிலிருந்து. உனக்குக் காய்ச்சல் வந்தால் மாத்திரைக்கு முன்னால் அந்தத் தண்ணீர். பரீட்சைக்குப் போகும்போது அந்தத் தண்ணீர். மற்றப் பாத்திரத்தைச் சாம்பலில் தேய்த்தாலும் அந்தக் குடத்தை மட்டும் புளி போட்டு, உள்ளும் புறமும், முகம் தெரிகிற மட்டும் தேய்ப்பேன். இந்த வீட்டில் அதைவிட நல்ல தண்ணீர் இல்லை. ஒரு உயிரைக் காப்பாற்ற வேண்டிய நேரத்தில் இருப்பதிலேயே நல்லதைத்தானே எடுத்துக் கொடுப்போம்? நான் அதை எடுத்து ஊற்றினேன். ஒவ்வொரு நாளும், அய்யாவை நினைத்துக்கொண்டே.

புள்ளிகள் குறைந்தன. எனக்குச் சந்தோஷம். ஆனால் மீன்களின் நடமாட்டம் சரியில்லை. ஒரு நாள் மத்தியானம் பூமணி அத்தை சாப்பாட்டுக்கு வந்திருந்தாள். கை கழுவிவிட்டு அறைக்குள் எட்டிப் பார்த்தவள், "ஏட்டி, இஞ்ச வந்து பாரு, இதுவளுக்கு மூச்சு முட்டுகில்லியா?" என்று கூவினாள். எல்லாம் மேலே வந்து, தண்ணீரின் தோலில் வாயை வைத்துத் திறந்து திறந்து மூடின. செவுள் படபடவென்று அடித்தது. நான் உன்னை வீடியோவில் அழைத்தேன். நீ நல்லவேளை எடுத்தாய்.

"அம்மா, காத்து மோட்டார் ஓடுதா?"

"ஓடுது மக்கா. குமிழி நல்லா வருவு."

"சக்கர் எங்க?"

"ஒனக்க அப்பனுக்க சூப்பர்வைசரா?" என்றாள் அத்தை. "தரையில மலந்து கெடக்கான். ரிட்டயர் ஆயிட்டான் போல."

"அத்தே, சும்ம இரி. அம்மா, மருந்து எத்தன சொட்டு விட்ட?"

"நீ சொன்ன கணக்குதான். கூட ஒரு சொட்டு இல்ல."

"கரிய எடுத்தியா?"

"எடுத்துக் கழுவி வெயிலில வச்சிருக்கேன்."

"அப்போ வெள்ளம்? எந்த வெள்ளத்த ஊத்தின?"

நான் போனை எடுத்துத் திருப்பிக் குடத்தைக் காட்டினேன். காட்டும்போது எனக்குள் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. "அய்யாவுக்கு வைக்குத வெள்ளம் மக்கா. ராத்திரி முழுக்க நிண்ணது."

நீ முகத்தைப் போனுக்குப் பக்கத்தில் கொண்டுவந்தாய். பிறகு, "செம்பிலயா?" என்றாய். "அம்மா, செம்பு மீனுக்கு ஆவாது. கொஞ்சம் வெள்ளத்தில எறங்கினாலே போரும், செவுளப் பிடிச்சிரும். அதும் நீ புளி போட்டுத் தேச்சிருப்ப, இன்னும் கூடுதலா எறங்கும்."

"தேய்க்காம பின்ன?"

அப்போதுதான் நீ அதைக் கேட்டாய். "அப்பாவுக்கும் கடைசி வரைக்கும் இந்த வெள்ளத்தைத்தானே நீ..." என்று ஆரம்பித்து நிறுத்தினாய். உன் கண் போனிலிருந்து விலகி எங்கோ பக்கத்தில் போனது. பிறகு ஆஸ்பத்திரியில் நோயாளியின் ஆட்களிடம் பேசுகிற குரலை எடுத்துக்கொண்டாய். அந்தக் குரலை நான் அதற்கு முன்னால் கேட்டதில்லை. "சரி, இப்போ அத விடு. கரியத் திருப்பிப் பில்டரில போடு. பாதி வெள்ளத்த வெளிய எடு. பிளாஸ்டிக் வாளியில வெள்ளம் இருக்கா?"

அத்தை வீட்டில் துணி அலச இரண்டு வாளியில் பிடித்து வைத்திருந்தாள். இரண்டு பேருமாகச் சுமந்து கொண்டுவந்தோம். நீ சொல்லச் சொல்ல நான் குழாய் வைத்து இழுத்தேன், அத்தை ஊற்றினாள். மருந்தின் நீலம் என் கைரேகையெல்லாம் ஏறியிருந்தது. அன்று முழுவதும் மருந்து கொடுப்பதைவிட, கொடுத்ததை வெளியே எடுப்பதுதான் வேலையாக இருந்தது. பொழுது சாய்வதற்குள் மூன்று ஏஞ்சல்கள் நேராகி நடுத் தண்ணீருக்கு இறங்கின. இரண்டு போய்விட்டன. சக்கரும் போய்விட்டது. அதை அத்தைதான் சேம்பிலையில் எடுத்தாள். "என்ன கனம் பாரு, சும்ம இருந்து தின்ன உடம்பு" என்று சிரிக்க ஆரம்பித்தவள், அதற்குப் பேர் வைத்த தம்பியின் நினைவு வந்திருக்க வேண்டும், அங்கேயே கிணற்றடியில் குந்தி அழுதாள். இதெல்லாம் நீ அறிந்ததுதான். நான் போனில் சொல்லியிருக்கிறேன். சொல்லாதது இனிமேல்தான் வருகிறது.

உன் அப்பாவின் கண் மஞ்சளாகி, நாகர்கோவிலில் பரிசோதனை செய்து ஈரல் கெட்டிருக்கிறது என்று சொன்ன பிறகு, டாக்டர் கொடுத்த மாத்திரை ஒன்றையும் நான் தவறவிடவில்லை. உப்பைக் குறை என்றார், குறைத்தேன். கருவாட்டு வாடையே வீட்டில் இல்லாமல் செய்தேன். அதோடு, காலையும் மாலையும் அந்தக் குடத்துத் தண்ணீரை ஒரு வாய் என்பதை ஒரு தம்ளர் ஆக்கினேன். டாக்டரிடம் அதைச் சொல்ல வேண்டும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. அது மருந்தும் இல்லை, சாப்பாடும் இல்லையே. அவர் மீன்தொட்டியின் முன்னால் நாற்காலியில் இருப்பார். நான் தம்ளரை நீட்டுவேன். ஒரு நாள் வாங்காமல் என்னைப் பார்த்தார். "இண்ணைக்கு வேற வெள்ளம் இருந்தா தாட்டி. இது நாக்கில ஒரு மாதிரி பிடிக்குவு" என்றார். நான் என்ன சொன்னேன் தெரியுமா? "நோவு நாக்கிலயா, வெள்ளத்திலயா? அய்யாவுக்கு வச்ச வெள்ளத்தக் குறை சொல்லப்பிடாது. கண்ண மூடிக் குடியுங்கோ" என்றேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு குடித்தார். அதற்குப் பிறகு ஒரு நாளும் வேறு தண்ணீர் கேட்கவில்லை.

மீன்கள் செத்த நாளுக்குப் பிறகு அந்த அறைக்குள் போகும்போதெல்லாம் அவர் நாற்காலியில் இருக்கிறார் மகனே. பயப்படாதே, எனக்குப் புத்தி கலங்கவில்லை. நாற்காலி காலியாகத்தான் இருக்கிறது என்று எனக்குத் தெரிகிறது. ஆனால் இருக்கிறார். முன்பும் சில நேரம் அப்படித் தோன்றியதுண்டு. அப்போதெல்லாம் மீனைப் பார்த்துக்கொண்டிருப்பார், நான் தீனி போட்டுவிட்டு நிம்மதியாக வெளியே வருவேன். இப்போது கண்ணை மூடிக்கொண்டிருக்கிறார். தொட்டிக்கு முன்னால் ஒரு நாளும் கண்ணை மூடாத மனிதர். தம்ளரை நாற்காலியின் மரக்கையில் வைக்கிற சத்தம்கூடச் சமையலறை வரை கேட்கிறது. தீனியைப் போட்டுவிட்டு அந்தப் பக்கம் திரும்பாமல் சுவரைப் பார்த்து நடந்து வருகிறேன்.

நான் கேட்டுப் பார்க்காமல் இல்லை. தாங்கலில் பணிவிடை செய்கிற பெரியவரிடம் கேட்டேன். "நம்பிக் கொடுத்த வெள்ளம் யாரையும் கெடுக்காது அம்மா" என்றார். நான் நம்பித்தானே மீனுக்கும் கொடுத்தேன் என்று அவரிடம் சொல்ல வாய் வரவில்லை. பூமணி அத்தை வேறு விதமாகச் சொன்னாள். "ஏட்டி, ஒனக்குக் கிறுக்கா? எந்த வீட்டில செம்புக் குடம் இல்ல? அவன் எஸ்டேட்டில இருந்த காலம் முழுக்க ஊத்திக் குடிச்சுக் கெடுத்த ஈரலு. அதுக்கு ஒனக்க குடம் என்ன செய்யும்?" அவள் சொல்வது நியாயமாகத்தான் படுகிறது. சொல்லிவிட்டு அவள் வீட்டுக்குப் போகிற வரைக்கும் படுகிறது. ஆனால் அவளும் ஈரலைப் படித்தவள் இல்லை, நானும் இல்லை. படித்தவன் நீ. நீதான் பாதியில் நிறுத்தியவன்.

குடியைப் பற்றி எழுதியதால் இதையும் எழுதிவிடுகிறேன். நீ சின்னப் பையனாக இருந்தபோது ஒரு நாள் அப்பா எஸ்டேட் பஸ்ஸில் வந்து இறங்கி, குளித்து, சாப்பிட உட்கார்ந்தார். "நாளையில இருந்து நான்..." என்றார். அந்த நேரம் நீ ஓடிவந்து ஏதோ கேட்டாய். அவர் உன்னைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டார். நானும் நாளையிலிருந்து என்ன என்று கேட்கவில்லை. வேலை நேரம் மாறுகிறதாக்கும் என்று நினைத்துக்கொண்டேன். அவர் அடக்கத்தின்போதுதான் அத்தை சொன்னாள், அந்த வாரம் அவளிடம் வந்து, இனி குடிப்பதில்லை என்றும், என்னிடமும் சொல்லப்போவதாகவும், எனக்குத் தெரிந்துவிட்டால் பிறகு தன்னால் மாற முடியாது என்றும் சொன்னாராம். என்னிடம் சொல்ல வந்த சொல் அதுதான். நான் கேட்டிருந்தால் அது ஒரு வாக்காக ஆகியிருக்கும். கேட்காததால் அவர் நாவிலேயே கரைந்துபோயிற்று. சில நாள் குடிக்காமல் இருந்ததாகவும் பிறகு முடியவில்லை என்றும் அத்தை சொன்னாள். அந்தச் சில நாளை நான் கவனிக்கக்கூட இல்லை.

ஆவணியில் ஒரு பெண் உன்னை நம்பி இந்த வீட்டுக்குள் வருகிறாள். அவளுக்கு என்ன வாங்கிக் கொடுக்க வேண்டும், எப்படி நடத்த வேண்டும் என்றெல்லாம் நான் உனக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை, நீ நல்ல பிள்ளை. ஒன்றே ஒன்று சொல்கிறேன். அவளிடம் ஒன்றைச் சொல்ல ஆரம்பித்தால் முடித்துவிடு. வலிக்கும் என்று பாதியில் நிறுத்தாதே. மீதியை அவள் தானே இட்டு நிரப்பிக்கொள்வாள். அவள் நிரப்புவது நீ சொல்ல நினைத்ததைவிட மோசமானதாக இருக்கும். அவள் பாதியில் நிறுத்தினால், என்ன பிள்ளே, சொல்லு என்று கேள். சோற்றுக் கையோடு இருந்தாலும் கேள். உன் அப்பாவும் நானும் ஒருவரையொருவர் வெறுத்து வாழ்ந்தவர்கள் இல்லை. கேட்காமல் வாழ்ந்தவர்கள். அவர் நாக்கில் பிடிக்கிறது என்றபோது, எப்படிப் பிடிக்கிறது என்று கேட்க ஒரு நிமிஷம் ஆகியிருக்காது.

செம்புக் குடத்தை இப்போது பரணில் கவிழ்த்து வைத்திருக்கிறேன். அய்யாவுக்கு ஒரு சில்வர் பாத்திரத்தில் தண்ணீர் வைக்கிறேன். அய்யா ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் நம் வீட்டு வழக்கம் உனக்குத் தெரியும். மருமகள் வந்த அன்று சாயங்காலம் அந்தக் குடத்தில் தண்ணீர் எடுத்து அவள் கையால் கண்ணாடிக்கு முன்னால் வைக்க வேண்டும். நான் வந்த அன்று என் மாமியார் அப்படித்தான் இதே குடத்தை என் கையில் தந்தார். பெண்ணின் அம்மா நேற்றுக்கூட போனில், குடத்தைத் துலக்கி வைத்துவிட்டீர்களா என்று சிரித்துக்கொண்டே கேட்டாள். நான் ஆமாம் என்று சொல்லிவிட்டேன். பொய்தான். பதில் தெரியாமல் அதைப் பரணிலிருந்து இறக்க எனக்குக் கை வராது. அந்தப் பிள்ளையின் கையில் எதைக் கொடுக்கிறேன் என்று தெரிந்து கொடுக்க வேண்டும்.

அதனால் கேட்கிறேன். அப்பாவுக்கும் கடைசி வரைக்கும் இந்தத் தண்ணீரைத்தானே கொடுத்தாய் என்று கேட்க வந்தாய். ஆமாம், அதைத்தான் கொடுத்தேன், கடைசி நாள் காலையிலும் கொடுத்தேன். ஈரல் கெட்ட ஒருவருக்கு அது கெடுதல் செய்ததா, இல்லையா? அவருடைய நாளை அது குறைத்ததா? உனக்குத் தெரிந்தால் தெரியும் என்று சொல். தெரியாவிட்டால், உன் ஆஸ்பத்திரியில் ஈரல் பார்க்கிற டாக்டரிடம் கேட்டுச் சொல். அம்மா தாங்க மாட்டாள் என்று ஒரு சொல்லைக்கூடக் குறைக்காதே. ஆமாம் என்றாலும் நான் விளக்கேற்றுவேன், சாப்பிடுவேன், உன் கல்யாணத்தில் நின்று பந்தி விசாரிப்பேன். இல்லை என்றால், அந்த அறைக்குள் போய் நாற்காலியைப் பார்த்து ஒரு வார்த்தை பேசுவேன். இரண்டில் ஒன்று எனக்கு வேண்டும். போனில் வேண்டாம், நடுவில் யாராவது கூப்பிட்டுவிடுவார்கள். உன் கையால் எழுது. சீக்கிரம் பதில் போடு மக்கா.

அம்மா